ஸ்டேஷன் பெஞ்சில் ஒரு தையல்காரர்

எங்க வீட்டுக்காரரோட பேரு இந்தத் தெருவுல பாதிப் பேருக்குத் தெரியாது. பட்டன்காரர்னு சொன்னாத்தான் தெரியும். பேன்ட்டோட அடியை மடிச்சுத் தரச் சொல்லிக் கொடுத்துட்டுப் போவாங்க. திரும்ப வாங்கறப்போ, ஆடிக்கிட்டிருந்த பட்டன் எல்லாம் இறுகி இருக்கும். அவங்களும் கேட்டிருக்க மாட்டாங்க, இவரும் சொல்ல மாட்டாரு. "கேக்காத வேலையை எதுக்குச் செய்யறீங்க?"ன்னு நான் கத்துவேன். "கண்ணுல பட்டுடுச்சே"ம்பாரு. அதுக்கு மேல ஒரு வார்த்தை வராது. கல்லுளிமங்கன்.

பஸ்ல பக்கத்துல நிக்கிற ஆளோட சட்டைல பட்டன் தொங்கினாக்கூட இவருக்கு இருப்புக் கொள்ளாது. ஒரு தடவை நான் காய்ச்சல்ல ஆஸ்பத்திரில கிடக்கறேன். ஊசி போட வந்த டாக்டரோட வெள்ளைக் கோட்டைக் கழட்டி வாங்கி, என் கட்டில் ஓரத்துலயே உக்காந்து தச்சுக் கொடுத்தாரு இந்த மனுஷன். எனக்கு மானமே போச்சு. அந்த டாக்டர் என்னடான்னா என் காய்ச்சலை விட்டுட்டு, நூல் எந்தக் கடைல வாங்கறீங்கன்னு இவர்கிட்டக் கேட்டுக்கிட்டு நிக்கிறாரு. நூல் கோத்த ஊசி ஒண்ணு எப்பவும் இவரோட சட்டைக் காலர் உள்பக்கம் குத்தியிருக்கும். கிட்ட வர்றதுக்கு முன்னாடி அதை எடுத்து வைங்கன்னு கல்யாணமான புதுசுல இருந்து சொல்லிக்கிட்டிருக்கேன். கேட்டாத்தானே.

எங்க கடை ஒரு பழைய கட்டிடத்தோட மாடிப்படிக்குக் கீழ இருக்கு. ரெண்டு மெஷின், நடுவுல துணி வெட்டற மேஜை, தலைக்கு மேல முனகிக்கிட்டே சுத்தற ஃபேன். ஆம்பளைங்க துணி அவருக்கு, பொம்பளைங்க துணி எனக்கு. யாராவது படியில ஏறினா எங்க தலை மேலதான் நடப்பாங்க. அந்த மேஜைக்கு அடியில, வெட்டித் தள்ளின துணித்துண்டு மேலதான் என் தம்பி சின்ன வயசுல மத்தியானம் தூங்குவான்.

தம்பியைப் பத்திச் சொல்லியாகணும். அவனாலதான் இந்தக் கதையே. அப்பா அம்மா ரெண்டு பேரும் அடுத்தடுத்துப் போயிட்டாங்க. அவன் அப்ப பள்ளிக்கூடத்துப் பையன். என்னைக் கட்டிக்கிறேன்னு வர்றவங்ககிட்ட எல்லாம், தம்பியும் என்கூடத்தான் வருவான்னு முதல்லயே சொல்லிடுவேன். யோசிச்சுச் சொல்றோம்னு போனவங்க போனவங்கதான். இவரு வந்தாரு. நான் சொன்னதை எல்லாம் கேட்டாரு. வாசப்படில உக்காந்து பென்சில் சீவிக்கிட்டிருந்த தம்பியையே கொஞ்ச நேரம் பாத்தாரு. "பையனோட பள்ளிக்கூடச் சட்டைல ரெண்டு பட்டன் இல்லையே"ன்னாரு. சம்மதம்னு இவரு சொன்ன விதம் அதுதான்.

அப்புறம் என்ன, அவனுக்கு நான் அக்கா, இவரு அம்மா. ஊட்டி விடறது, நகம் வெட்டி விடறது, பரீட்சைக்கு எழுப்பி விடறது எல்லாம் இவருதான். நான் அடிக்கக் கை ஓங்கினா, "மாமா!"ன்னு ஓடிப்போய் இவரு முதுகுக்குப் பின்னாடி ஒளிஞ்சுப்பான். எங்களுக்குப் பொண்ணு பிறந்த பிறகும் வீட்டுல செல்லம் அவன்தான். செல்லம் கொடுத்துக் கெடுக்கறீங்கன்னு நான் சொல்லாத நாள் இல்ல.

அவன் வளந்து ஒரு கிடங்குல சரக்கு வண்டி ஓட்டற வேலைக்குப் போனான். ஒருநாள் அந்தக் கிடங்குல இருந்து போன டிவிப் பெட்டிங்கள்ல பாதி கடைக்குப் போய்ச் சேரல. வண்டி ஓட்டினது இவன். வண்டி ஒரு ரோட்டோரமா நின்னுச்சு. இவனைக் காணோம். போனும் அணைஞ்சு கிடக்கு. எடுத்தானா, இல்ல வேற யாரோ எடுத்துட்டுப் போனதைப் பாத்துப் பயந்து ஓடினானா, எனக்குத் தெரியாது. தெரியாததைத் தெரிஞ்ச மாதிரி சொல்ற பழக்கம் எனக்கு இல்ல.

போலீஸ் கடைக்கு வந்துச்சு. மரியாதையாத்தான் பேசினாங்க. "சும்மா ஒரு விசாரணை. காலைல ஸ்டேஷனுக்கு வந்துட்டுப் போங்க"ன்னாங்க. இவரும் சலவைச் சட்டை போட்டுக்கிட்டுப் போனாரு. போனவரு சாயங்காலம்தான் வந்தாரு. "என்ன கேட்டாங்க?"ன்னேன். "தம்பி எங்கன்னு கேட்டாங்க. தெரியாதுன்னேன். உக்காருன்னாங்க. உக்காந்தேன். நாளைக்கும் வரச் சொல்லியிருக்காங்க"ன்னாரு.

மறுநாளும் அதே கதை. அதுக்கு மறுநாளும் அதே கதை. எந்தக் கேஸு, என்ன விஷயம்னு ஒரு துண்டுச் சீட்டு கிடையாது. காலைல போனா வெளி வராந்தாவுல ஒரு பெஞ்சு. இன்ஸ்பெக்டர் உள்ள போறப்போ ஒருதரம், வெளிய வர்றப்போ ஒருதரம், "மச்சான் எங்கடா?"ம்பாராம். அவரை விட வயசுல மூத்த மனுஷனைப் பாத்து டா. மத்த நேரம் எல்லாம் சுவரைப் பாத்துக்கிட்டு உக்காந்திருக்கணும். போகவான்னு கேட்டா, இருன்னுவாங்க. கடைல இவரோட மெஷின் மேல துணியைப் போத்தி வச்சேன். தைக்கக் கொடுத்த துணியைத் திருப்பிக் கேட்டு ஆளுங்க வர ஆரம்பிச்சாங்க. "பட்டன்காரர் ஸ்டேஷன்ல இருக்காராமே"ன்னு குரலைத் தாழ்த்திக் கேக்கறாங்க. தாழ்த்திக் கேட்டாத்தான் எனக்கு இன்னும் எரியும். "ஆமா, இருக்காரு. திருடிட்டுப் போகல, திட்டு வாங்கப் போயிருக்காரு"ன்னு நல்லா சத்தமாச் சொல்லி அனுப்புவேன்.

ஒருநாள் சாயங்காலம் இவரு சட்டையைத் துவைக்க எடுக்கறேன், தோள்ல காக்கி நூலு ஒட்டியிருக்கு. எங்க கடைல காக்கித் துணியே வர்றதில்ல.

"இது என்ன?"

மனுஷன் முழிச்சாரு. "அந்த மீசைக்காரக் கான்ஸ்டபிள் இருக்காரே, அவரோட பாக்கெட் பிஞ்சு தொங்கிச்சு."

"அதனால?"

"தச்சுக் கொடுத்தேன். அப்புறம் இன்னொருத்தர் பேன்ட்டைக் கொண்டு வந்தாரு. அப்புறம் ரெண்டு மூணு பேரு..."

எனக்கு வந்துச்சே கோபம்! "உங்களைப் பிடிச்சு உக்கார வச்சவனுக்கே பாக்கெட் தச்சுக் கொடுத்துட்டு வர்றீங்களா? சூடு சொரணை இருக்கா உங்களுக்கு?"

"பிஞ்சிருக்கே, பாத்துக்கிட்டே எப்படி இருக்கறது?"

எங்க பொண்ணு ரத்தப் பரிசோதனைக் கூடத்துல வேலை பாக்கறா. அப்பத்தான் உள்ள நுழைஞ்சவ, செருப்பைக்கூடக் கழட்டாம அங்கேயே நின்னு சிரிக்கறா. "அம்மா, அப்பாவைச் சிறைல போட்டா கைதிங்க எல்லாம் டிப்டாப்பா வெளிய வருவாங்க"ங்கறா. எனக்கும் சிரிப்பு வந்துடுச்சு. பாவி மனுஷன், இவரும் சேந்து சிரிக்கறாரு.

அந்தச் சிரிப்பு ரொம்ப நாள் நிலைக்கல. இன்னொரு சாயங்காலம் வந்து மெஷின்ல உக்காந்தவரு, நூலை ஊசிக் காதுல கோக்கப் பாக்கறாரு, போக மாட்டேங்குது. நக்கி நக்கிப் பாக்கறாரு. கண்ணை மூடிக்கிட்டே கோக்கற மனுஷன் அவரு. நான் எழுந்துபோய் ஊசியை வாங்கி வச்சுட்டு, "சொல்லுங்க"ன்னேன்.

"நாளைக்குப் பொண்ணையும் கூட்டிட்டு வரணுமாம். மாமன் எங்கன்னு அவளுக்குத் தெரியாம இருக்காதாம். வரலைன்னா, திருட்டுச் சரக்கை நான்தான் ஒளிச்சு வச்சேன்னு என் பேரையும் கேஸ்ல சேத்துடுவாங்களாம்."

அப்பவே செருப்பை மாட்டிட்டேன்.

அடுத்த தெருவுல ஒரு வக்கீலம்மா இருக்காங்க. அவங்க கறுப்புக் கோட்டைப் பிரிச்சுத் தைக்கறது நாங்கதான். நடந்ததை எல்லாம் அழாம சொல்லணும்னு நினைச்சேன், முடியல. அவங்க முழுசாக் கேட்டாங்க. "விசாரணையே பண்ணாதீங்கன்னு கோர்ட் சொல்லாது, அது அவங்க வேலை. ஆனா கூப்பிடணும்னா எழுத்துல கூப்பிடணும். எந்தக் கேஸு, எத்தனை மணிக்குன்னு சொல்லணும். கேக்கறதைக் கேட்டுட்டு அனுப்பணும். நாள் முழுக்க உக்கார வச்சு மனுஷனை நோகடிக்கறதுக்குப் பேரு விசாரணை இல்ல. அதைத்தான் ஹைகோர்ட்ல கேக்கப் போறோம். பொண்ணை அனுப்பவே அனுப்பாதீங்க"ன்னாங்க.

"அவங்களுக்குக் கோபம் வந்துட்டா?"

"இப்ப மட்டும் பாசத்துலயா உக்கார வச்சிருக்காங்க?"

வீட்டுல வந்து சொன்னேன். "போலீஸ் மேலயே கேஸா? நாம எங்க, அவங்க எங்க?" அப்படின்னு ஆரம்பிச்சாரு. நீங்க ஒண்ணும் பண்ண வேண்டாம், என் புருஷனை விடச் சொல்லி நானே கேக்கறேன்னுட்டு மனுவை என் பேர்லயே போட்டேன்.

கோர்ட்ல ஜட்ஜ் போலீஸ்கிட்டப் பதில் கேட்டாரு. அதோட ஸ்டேஷனுக்குக் கூப்பிடறதும் அப்போதைக்கு நின்னுச்சு. பதில் வந்த அன்னைக்கு வக்கீலம்மா என்னை ஆபீஸுக்குக் கூப்பிட்டு உக்கார வச்சு, முதல்ல ஒரு டம்ளர் தண்ணியைக் கொடுத்தாங்க. போலீஸ் என்ன சொல்லியிருந்தாங்க தெரியுமா? நாங்க அந்த ஆளைக் கூப்பிடவே இல்ல. தையல் வேலை பிடிக்கறதுக்காக அவராத்தான் தினம் வர்றாரு. எங்க ஆளுங்களோட நல்லாப் பழகறாரு. சந்தோஷமா இருக்காரு. இதோ ஆதாரம்.

ஆதாரம் ஒரு போட்டோ. ஸ்டேஷன் பெஞ்சுல இவரு. மடியில காக்கிச் சட்டை. வாயில நூலு. நல்லா பல்லு தெரியச் சிரிக்கறாரு.

தவளை தன் வாயால கெடும்பாங்க. எங்க வீட்டுக்காரர் தன் கையால கெட்டாரு.

நேரா கடைக்கு வந்தேன். வராந்தாவே இல்லாத கடை, கத்தினா தெரு முழுக்கக் கேக்கும். கேக்கட்டும்னு கத்தினேன். "போட்டோ எடுக்க விட்டீங்களா? அதுல சிரிப்பு வேற!"

"சின்னக் கான்ஸ்டபிள் ஒருத்தரு போனைத் தூக்கி, சிரிங்க அண்ணேன்னாரு. சிரின்னா சிரிக்காம எப்படி?"

அவரைப் பாத்தேன். குத்தம் பண்ணின பிள்ளை மாதிரி இஞ்சுடேப்பைச் சுத்திச் சுத்திப் பிரிக்கறாரு. இந்த மனுஷனை நான் எப்படித் திட்டறது, சொல்லுங்க? யாரு கெட்டவங்கன்னு இவருக்குச் சொல்லிக் கொடுக்கவே முடியாது. அதுக்காகவே இவரைப் பிடிக்கும், அதுக்காகவே தலையில அடிச்சுக்கணும் போலவும் இருக்கும். கிட்டப் போய் அவரு தலையைப் பிடிச்சு என் வயித்தோட சேத்துக்கிட்டேன். ரெண்டு பேரும் அழுதோம். துணி வாங்க வந்த அம்மா வாசல்லயே நின்னுட்டு, அப்புறம் வர்றேன்னு போயிட்டாங்க.

அடுத்த வாய்தாவுக்கு இவரை நேர்ல கூட்டிட்டு வரச் சொல்லி ஜட்ஜ் சொல்லிட்டாரு. பஸ்ல போறப்போ நான் பாடம் நடத்தினேன். "உண்மையைச் சொல்லுங்க. ஆனா, பாவம் அவங்களும் நல்லவங்கன்னு மட்டும் ஆரம்பிச்சுடாதீங்க. நீங்க வாயைத் திறந்து அங்க சொல்லலைன்னா நாளைக்கு நம்ம பொண்ணு அந்த பெஞ்சுல உக்காரணும். அதை நினைச்சுக்கிட்டுச் சொல்லுங்க." தலையை ஆட்டினாரு. கோர்ட் வாசல்ல சோதனை பண்றவங்க காலர்ல கையை விட்டு ஊசியை எடுத்துட்டாங்க. அதுல இருந்து மனுஷன் காலரையே தடவிக்கிட்டு வந்தாரு.

கோர்ட் அறைல எங்க பாத்தாலும் கட்டுக் கட்டாக் கோப்பு, கறுப்புக் கோட்டு. அரசு வக்கீலோட கோட்டுல கை ஓரத்துப் பட்டன் ஒண்ணு நூல்ல தொங்குது. இவரு கண்ணு அங்கயே போகுது. நான் தொடையில கிள்ளினேன்.

எங்க வரிசை வந்துச்சு. ஜட்ஜ் மெதுவாப் பேசற மனுஷன். இவரை முன்னாடி வரச் சொன்னாரு.

"போட்டோல இருக்கறது நீங்கதானா?"

"ஆமாங்கய்யா."

"ஸ்டேஷனுக்கு நீங்களாப் போய்த்தான் தையல் வேலை பாத்தீங்கன்னு சொல்றாங்க. நிஜமா?"

இவரு காலரை ஒருதரம் தடவிக்கிட்டாரு. அப்புறம் சொன்னாரு, "தச்சது நானாத்தான் தச்சேங்கய்யா. யாரும் தைக்கச் சொல்லல."

போச்சு, எல்லாம் போச்சுன்னு நினைச்சேன். அரசு வக்கீல் கையில இருந்த பேப்பரை மேஜை மேல வச்சுட்டாரு, வேலை முடிஞ்ச மாதிரி.

"ஆனா உக்காந்தது நானா இல்லீங்கய்யா. தினமும் வரச் சொன்னாங்க. போகவான்னு கேப்பேன். இருன்னுவாங்க."

"அப்படி இருக்கறப்போ அவங்களுக்கே ஏன் தச்சுக் கொடுத்தீங்க?"

இவரு ரெண்டு கையையும் விரிச்சுப் பாத்தாரு. "கை சும்மா இருந்தா பயம் வந்துடுதுங்கய்யா. தச்சுக்கிட்டே இருந்தா, கடைல உக்காந்திருக்கோம், பக்கத்துல வீட்டுக்காரி இருக்கான்னு நினைச்சுக்கலாம்."

ஜட்ஜ் எழுதிக்கிட்டிருந்ததை நிறுத்திட்டாரு. வக்கீலம்மா குனிஞ்சுக்கிட்டாங்க. நான் சேலைத் தலைப்பை வாயில வச்சுக் கடிச்சுக்கிட்டேன்.

"யாராவது உங்களை அடிச்சாங்களா?"

அப்படி எதுவும் நடக்கலைன்னு நான்தான் வக்கீலம்மாகிட்டச் சொல்லியிருந்தேன். இவரு என்னைத் திரும்பிப் பாத்தாரு. அப்படி ஒரு பார்வையை நான் இத்தனை வருஷத்துல பாத்ததில்ல.

"ஒரே ஒரு தடவைங்கய்யா. இன்ஸ்பெக்டர். வலது காது மேல. அந்தப் பக்கம் இன்னும் சரியாக் கேக்கல."

கொஞ்ச நாள் முன்னாடி கடைல ரெண்டு மெஷினையும் இடம் மாத்திப் போட்டாரு, என்னை இடது பக்கமா வச்சு. ஏன்னு கேட்டதுக்கு வெளிச்சம் பத்தலைன்னாரு. நானும் நம்பினேன். கோர்ட் நடுவுல நிக்கறப்போதான் எனக்கு அது விளங்குச்சு.

ஜட்ஜ் அரசு வக்கீலைப் பாத்துக் கேட்டாரு. "இவரை வரச் சொல்லி ஏதாவது எழுத்துல இருக்கா? கூப்பிடவே இல்லைன்னா, காலைல இருந்து சாயங்காலம் வரைக்கும் உங்க வராந்தாவுல ஒரு வெளியாள் உக்காந்திருக்காரே, ஏன்னு ஒருத்தருமே கேக்கலையா?" அவரு கோப்பைப் புரட்டிப் புரட்டிப் பாத்தாரு. ஜட்ஜ் உத்தரவை அங்கேயே சொன்னாரு. இனிமே எழுத்துல கூப்பிடாம இவரையும் இந்தக் குடும்பத்துல வேற யாரையும் ஸ்டேஷனுக்கு வரச் சொல்லக் கூடாது. கேக்க வேண்டியதைக் கேட்டுட்டு உடனே அனுப்பிடணும். கையோங்கக் கூடாது. காதை அரசு ஆஸ்பத்திரில பாக்கணும். அடிச்சது யாரு, ஏன்னு மேலதிகாரி விசாரிச்சுக் கோர்ட்டுக்குச் சொல்லணும். திருட்டுக் கேஸு அதுபாட்டுக்கு நடக்கட்டும், ஆனா சட்டப்படி நடக்கட்டும்.

வக்கீலம்மா என் கையைப் பிடிச்சு அழுத்தினாங்க.

வெளிய வராந்தாவுல ஒரு தூண் ஓரமா இவரை நிறுத்தினேன். ஜனங்க போய்க்கிட்டும் வந்துக்கிட்டும் இருக்காங்க. எனக்கு யாரு பாத்தா என்ன? "ஏன் என்கிட்டச் சொல்லல? கட்டின பொண்டாட்டிக்குத் தெரியாம ஒரு காதையே மறைச்சு வச்சிருந்தீங்களே, நான் என்ன செத்தா போயிட்டேன்?"ன்னு அவரு சட்டையைப் பிடிச்சு உலுக்கினேன்.

அவரு என் கையைச் சட்டைல இருந்து எடுத்து விடல. அப்படியே பிடிச்சுக்க விட்டுட்டு நின்னாரு.

"சொல்லியிருந்தா நீ என்ன பண்ணியிருப்ப? உன் தம்பியைச் சபிச்சிருப்ப. எனக்குத் தெரியாதா உன்னை? எங்கயோ பயந்து பயந்து ஓடிக்கிட்டிருக்கான். சாப்பிட்டானோ, தூங்கினானோ. அவனுக்குன்னு இருக்கறது நீ ஒருத்தி. அக்கா வாயில இருந்து ஒரு கெட்ட வார்த்தை அவனுக்கு வந்துடக் கூடாதுன்னுதான்..."

பொய் சொல்வானேன், சபிச்சுத்தான் இருப்பேன். அந்த நிமிஷம்கூட என் வாய் வரைக்கும் வந்து நின்னுச்சு. என் புருஷனோட காதைப் பறிச்சுட்டியேடா, நீ விளங்குவியான்னு. அதை முழுங்கறதுக்கு எனக்குக் கொஞ்ச நேரம் ஆச்சு.

அப்புறம் நான் சுத்தி வந்து, அவரோட இடது பக்கம் நின்னேன்.

"அவன் எங்க இருந்தாலும் நல்லா இருக்கட்டும்"னு சொன்னேன். "கேட்டுச்சா?"

"கேட்டுச்சு"ன்னாரு.